அக்கா பெற்ற பிரெஞ்சுக்காரர்

பிள்ளைகளா, போன வாரம் பெரியவள் பள்ளிக்கூடத்துக்குக் குடும்ப மரம் வரைந்து கொண்டு போனாள். அத்தை படத்துக்குக் கீழே கோடு இழுத்து, கட்டம் போட்டு, "அத்தான், நடிகர், பிரான்ஸ்" என்று மலாயில் எழுதி, பக்கத்தில் வயதையும் போட்டிருந்தாள். மகன் எப்படி அம்மாவைவிட மூத்தவனாக இருப்பான் என்று ஆசிரியர் சிவப்பு மையில் வட்டம் போட்டு அனுப்பிவிட்டார். பெரியவளே, நீ அழுதுகொண்டே வந்து, "நான் பொய்யா எழுதினேன்ப்பா?" என்று கேட்டாய்.

பொய் இல்லைம்மா. எழுதினது அத்தனையும் நிஜம். ஆனால் அந்தக் கட்டத்துக்குள் அது அடங்காது. அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். நான் படித்தது தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு, மலாய்ப் பள்ளியில் மூன்றாம் படிவம், அதற்கு மேல் வேன் ஓட்டத்தான் தெரியும். பிழை இருந்தால் உங்களுக்குள் சிரித்துக்கொள்ளுங்கள், தப்பில்லை. இது நடந்து நாலைந்து வருஷம் ஆகிறது. தம்பி அப்போது கைக்குழந்தை, அவனுக்கு எதுவும் தெரியாது.

பிரான்சிலிருந்து ஒரு சினிமாக் கூட்டம் நம் பத்தாங் பெர்ஜுந்தாய் பக்கம் வந்து இறங்கியது. அந்தக் காலத்தில் இங்கே பிரெஞ்சுக்காரத் துரைமார்களும் தோட்டம் வைத்திருந்தார்களாம், அதைப் பற்றிய படமாம். ரப்பர் மரம் தேடிக் கலும்பாங் வரைக்கும் போய் அலைந்தார்கள். அதைவிடக் கஷ்டம், தோட்டத்துத் தமிழர்களைத் தேடியது. இப்போது தோட்டத்தில் வேலை செய்கிறவர்கள் வங்காளதேசத்து ஆட்கள். நம்மவர்கள் தாமான் குடியிருப்பில் இருந்துகொண்டு ரவாங் பேக்டரிக்குப் போய் வருகிறோம். ஆகவே அந்தப் பேக்டரி ஆட்களையே கூட்டிப் போய், சேலை கட்டி, முகத்தில் மண் பூசி, தோட்டத் தொழிலாளி ஆக்கினார்கள். ஏற்றி இறக்க என் வேன். உங்கள் அத்தைதான் அந்தக் கூட்டத்துக்குத் தலைவி. யாரும் அத்தையை நியமிக்கவில்லை, அது தானாக நடந்தது.

காலையில் அந்த நடிகரைக் கோலசிலாங்கூர் ஹோட்டலிலிருந்து ஏற்றி வருவதும் என் வேலைதான். கதாநாயகனுக்குப் பெரிய கார் வந்தது. இவருக்கு நான். அறுபது வயதைத் தாண்டிய மனிதர், ஒல்லி, நீண்ட மூக்கு, நரைத்த தலைமுடியை ஒழுங்காக வாரியிருப்பார். ஊரில் அவர் அப்பா சைக்கிள் பழுது பார்த்தவராம். பிரெஞ்சு படித்த ஒரு சீனப்பெண் கோலாலம்பூரிலிருந்து மொழிபெயர்க்க வந்திருந்தார். அவர் மலாயில் சொல்லச் சொல்ல, வேனுக்குள் அந்த மனிதரின் கதை எனக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்தது.

நாற்பது வருஷமாக நடிக்கிறாராம். என்ன வேஷம் என்று கேட்டேன். கைப்பேசியைத் திறந்து காட்டினார். ஒரு படத்தில் சூப் கொண்டு வந்து வைக்கிறார், கையும் முதுகும்தான் தெரிகிறது. இன்னொன்றில் போலீஸ்காரர், கதவுக்குப் பாதி மறைவில். ஒன்றில் கல்யாணம் செய்து வைக்கிற பாதிரியார், கேமராவுக்குப் பின்பக்கம் காட்டியபடி. மற்றதிலெல்லாம் பிணம். கட்டிலில் பிணம், ஆற்றோரம் பிணம், மாடிப்படியில் தலைகீழாகப் பிணம். இவருக்குப் படுத்தால் மூச்சு அசைவது வெளியே தெரியாதாம். அந்த ஊர் இயக்குநர்களுக்கு அது பெரிய வசதி. "பிணம் வேணும்னா என்னைத்தான் கூப்பிடுவாங்க" என்று அவர் சொன்னதைச் சொல்லும்போது அந்தச் சீனப்பெண் சிரித்தார். நடிகர் சிரிக்கவில்லை. கொஞ்சம் பெருமையாகத்தான் இருந்தார்.

இந்தப் படத்திலும் அவர் சாகிற துரைதான். ஆனால் சாவதற்கு முன்னால் ஒரு காட்சியில் உயிரோடு வருகிறார். காலையில் தொழிலாளிகளை வரிசையாக நிறுத்திக் கணக்கெடுப்பார்களே, அந்தப் பெரட்டில் வந்து நின்று தமிழில் ஒரு வசனம் பேச வேண்டும்: "இன்னைக்கு மழை வராது. எல்லாரும் வேலைக்குப் போங்க!" அவ்வளவுதான். நாற்பது வருஷத்தில் அவர் வாய் திறந்து பேசுகிற முதல் வசனம் அதுதான்.

வேனில் ஏறினதிலிருந்து இறங்குகிற வரை அதையே சொல்லிக்கொண்டிருப்பார். ஹோட்டலுக்குப் பின்னால் இருக்கிற குன்றில் ஏறிக் குரங்குகளுக்கு முன்னால் நின்றும் சொல்லிப் பார்த்திருக்கிறார். "குரங்கு போச்சா?" என்று கேட்டேன். ஒன்றும் வேலைக்குப் போகவில்லையாம்.

படமெடுக்கிறவர்களுக்கு ஒரு பழக்கம் இருக்கிறது. கதை நடக்கிற வரிசையில் எடுக்க மாட்டார்கள். பழைய துரை பங்களா அந்த வாரம்தான் கிடைத்தது. அதனால் முதலில் அவரைச் சாகடித்துவிட்டு, மறுநாள் உயிரோடு எடுப்பது என்று ஏற்பாடு. இது நம் ஆட்களுக்குத் தெரியாமல்தான் எல்லாம் நடந்தது.

பங்களா முன்கூடத்தில் கட்டில் போட்டு அவரைக் கிடத்தினார்கள். இயக்குநர் அந்தச் சீனப்பெண் மூலமாக நம் ஆட்களிடம், "நடிக்காதீங்க. உங்க வீட்டுல ஒருத்தர் செத்தா என்ன செய்வீங்களோ, அதையே செய்யுங்க" என்று சொன்னார்.

உங்கள் அத்தை முதலில் ஒரு கேள்வி கேட்டார்: "துரை செத்ததுக்கு எந்தத் தோட்டத்துல அழுதாங்க? அன்னைக்கு லயத்து வீடுகள்ல கறி சமைச்சிருப்பாங்க." நல்லவேளை, அதை யாரும் மொழிபெயர்க்கவில்லை. ஆனால் சொன்ன பிறகு அத்தைக்கு அரைகுறையாகச் செய்ய மனசு வரவில்லை. கால் கட்டைவிரல் இரண்டையும் சேர்த்துக் கட்டினார். தாடையைச் சுற்றித் துணி கட்டினார். நெற்றியில் காசு வைத்தார். பிறகு மாரில் அடித்துக்கொண்டு அழ ஆரம்பித்தார்.

"கப்பலேறி வந்தவரே, காத்தா போனீங்களே,
சோறு உண்ண வந்தவரே, சொல்லாம போனீங்களே…"

பேக்டரியில் ஸ்க்ரூ முடுக்குகிற பெண்கள் எல்லாரும் நிஜமாகவே அழுதார்கள். யார் யாரை நினைத்து அழுதார்களோ, தெரியாது. நானும் வேனுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு கண்ணைத் துடைத்தேன். கடைசியில் அத்தை முந்தானையிலிருந்து அரிசியை எடுத்து, தலையைச் சுற்றி, அவர் வாயில் போட்டார். வாய்க்கரிசி. ஒருவர் பின் ஒருவராகப் போட்டார்கள். அந்த மனிதர் அசையவில்லை. மூச்சும் தெரியவில்லை. நாற்பது வருஷத்து அனுபவம்.

இயக்குநர் "கட்" என்றார். பிணம் எழுந்து உட்கார்ந்து, இருமி, அரிசியைத் துப்பியது. இரண்டு பெண்கள் கத்திக்கொண்டு ஓட, ஒருவர் கால்வாயில் விழுந்தார்.

அதோடு போயிருந்தால் பரவாயில்லை. மதியம் சாப்பாட்டு வரிசையில், நெற்றியில் காசு ஒட்டின அடையாளத்தோடு, தட்டைப் பிடித்துக்கொண்டு அவர் நம் பெண்களுக்குப் பின்னால் வந்து நின்று சம்பால் கேட்டார். வரிசை அப்படியே கலைந்துபோனது. பாவம், காரத்துக்குத்தான் பயப்படுகிறார்கள் என்று அவர் நினைத்திருப்பார்.

மறுநாள் காலையில் பெரட்டுக் காட்சி. களத்தில் அவர் துரை உடுப்போடு தயாராக நிற்கிறார். என் வேனிலிருந்து ஒருவரும் இறங்கவில்லை.

"என்னக்கா, இறங்கு."

"நேத்து அவருக்கு வாய்க்கரிசி போட்டேன்டா. இன்னைக்கு அவர் முன்னால நின்னு 'சலாம் துரை'ன்னு சொல்லணுமாம். போட்ட கையோட நான் எப்படி நிப்பேன்?"

"இது சினிமாக்கா."

"சினிமாதான். அரிசி சினிமா அரிசியா? நம்ம வீட்டு டப்பாவுலேர்ந்து நான் எடுத்துட்டு வந்தது."

இதற்கு என்ன பதில்? உங்களுக்குத் தெரிந்தால் சொல்லுங்கள். சினிமாக்காரர்களே அரிசி வைத்திருந்தார்கள், ஏதோ பிளாஸ்டிக் மாதிரி பளபளவென்று. செத்தவர் வாயில் அதைப் போடலாமா என்று அத்தை வீட்டிலிருந்து முந்தானையில் முடிந்து கொண்டு போயிருக்கிறார். நம் வீட்டு அரிசியை உயிரோடு இருக்கிற மனிதர் வாயில் போட்டுவிட்டோமே என்பதுதான் இப்போது கவலை. பின் சீட்டிலிருந்து ஒருவர், "அவருக்கு ஏதாச்சும் ஆயிட்டா நம்ம தலையில வந்து விடியும் லா" என்றார். எல்லாரும் ஆமாம் போட்டார்கள்.

இயக்குநருக்கு விஷயம் போனது. அவர் வானத்தைப் பார்த்தார், கைக்கடிகாரத்தைப் பார்த்தார், அந்தக் காட்சியே வேண்டாம், துரை செத்தது மட்டும் படத்தில் இருந்தால் போதும் என்று சொல்லிவிட்டார். பிறகு கொஞ்சம் இறங்கி வந்தார்: மறுநாள் மாலை வரை நேரம் கொடுக்கலாம், அதற்குள் ஆட்கள் வந்தால் எடுக்கலாம், இல்லையென்றால் வெட்டு.

நடிகரைத் திருப்பிக் கொண்டுபோய் விடும்போது வேனில் வசனம் கேட்கவில்லை. ஜெராம் போகிற ரோட்டில் சிவப்பு விளக்கில் நின்றபோதுதான் பேச ஆரம்பித்தார். சீனப்பெண் மெதுவாகச் சொன்னார்.

அவருக்கு ஓர் அக்கா. அவரை வளர்த்ததே அந்த அக்காதானாம். இவர் நடித்த படம் எது வந்தாலும் அந்த அக்கா ஊர்த் தியேட்டருக்கு வந்துவிடுவார். சில வருஷத்துக்கு முன்னால் அக்காவுக்குக் கண் போய்விட்டது. அப்போதும் வந்தார். இவர் பக்கத்தில் உட்கார்ந்து, தான் வருகிற இடத்தில் அக்கா கையை ஒருமுறை அழுத்துவார். இப்போது நான், என்று அர்த்தம். அக்கா தலையை ஆட்டிக்கொள்வார். பிணம் பேசாது இல்லையா, வேறு வழி? இந்தப் படத்தில் நான் பேசுகிறேன், உன் காதில் விழும் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார்.

அன்றைக்கு நேராக அத்தை வீட்டுக்குப் போனேன். அத்தை காய்ந்த துணியை மடித்துக்கொண்டிருந்தார். நான் சொல்லி முடிக்கிற வரைக்கும் ஒரே சட்டையைத் திரும்பத் திரும்ப மடித்தார்.

"அவருக்கும் அக்கா இருக்காங்களா?"

"இருக்காங்க."

"அத முதல்லயே சொல்றதுக்கென்னடா, மாடு."

பிறகு இருவரும் தாமான் கோயில் பூசாரியிடம் போனோம். பூசாரி காலையில் லோரி ஓட்டுகிறவர், சாயங்காலம் பூசாரி. அவர் கொஞ்சமும் அதிரவில்லை. முன்பு ஒரு தோட்டத்தில் இப்படி நடந்திருக்கிறதாம். ஜெராமில் மீன்பிடிப் படகில் போனவர் முழுகிவிட்டார் என்று எல்லாச் சடங்கும் செய்துவிட்டார்கள். பதினாறாம் நாள் வடை சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது ஆள் வந்து நின்றாராம்.

"அப்ப என்ன செஞ்சாங்க?"

"என்ன செய்யறது, திரும்பப் பெத்துக்கிட்டாங்க. செத்தவன் உயிரோட வந்தா மறுபடியும் பொறக்கணும். தொட்டில் போட்டு, சேனை வச்சு, பேர் வச்சு, மொட்டை போடணும். தாயும் தாய்மாமனும் வேணும்."

அத்தை என்னைப் பார்த்தார். "நான் போட்ட அரிசி. நானே பெத்துக்கறேன். நீ மாமன்."

மறுநாள் காலை கோயில் மண்டபத்து உத்திரத்தில் சேலைத் தொட்டில் கட்டினோம். ஒரு சேலை தாங்குமா என்று பூசாரிக்குச் சந்தேகம். இரண்டு சேலை சேர்த்து, என் வேனில் இருந்த கயிற்றையும் போட்டு முறுக்கினோம். விஷயத்தைச் சொன்னதும் நடிகர் மறுக்கவே இல்லை. செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, கைப்பிடித்து ஏறிப் படுத்தார். கால் இரண்டும் முழங்கால் வரைக்கும் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன.

பூசாரி, "புள்ள அழணும்ல, இல்லாட்டி பொறந்ததா எப்படிச் சொல்றது?" என்றார்.

சீனப்பெண் அதைச் சொன்னார். அவர் தொட்டிலுக்குள்ளிருந்து ஏதோ திருப்பிக் கேட்டார். "பிறந்து எவ்வளவு நேரமான குழந்தை?" என்று கேட்கிறாராம்.

"இப்பதான் பொறந்தது" என்றார் பூசாரி.

பிறகு அழுகை வந்தது. பிள்ளைகளா, நீங்கள் இருவரும் தஞ்சோங் காராங் ஆஸ்பத்திரியில் பிறந்தபோது கதவுக்கு வெளியே நின்று கேட்டேனே, அதே அழுகை. மூச்சு முட்டி, நின்று, மறுபடி பிடிக்கிற அழுகை. கோயிலுக்கு எதிர்வீட்டில் சமைத்துக்கொண்டிருந்த பெண் யார் பிள்ளை என்று கேட்டுக்கொண்டு ஓடி வந்தார். உங்கள் அத்தைக்குப் பிள்ளையில்லை என்பது உங்களுக்குத் தெரியும். அத்தை ஒன்றும் யோசிக்காமல் தொட்டிலைப் பிடித்து, "ஓ… ஓ… அழாத ராசா" என்று ஆட்ட ஆரம்பித்துவிட்டார். அதுவரைக்கும் அவர் நடிகர் என்பதில் எனக்குப் பெரிய நம்பிக்கை இருந்ததில்லை. நாற்பது வருஷமாகப் படுக்க வைத்தே வீணாக்கியிருக்கிறார்கள்.

முந்தாநாள் அரிசி போட்ட அதே வாயில் அத்தை சேனை என்று சர்க்கரைத் தண்ணீரைத் தொட்டு வைத்தார். காதில் பேர் சொன்னார். அந்தப் பேர் உங்களுக்குத் தெரியும். பிறகு மொட்டை. தாய்மாமன் மடியில் உட்கார வைத்து எடுக்க வேண்டும். நான் ஆள் குட்டை, அவர் பனைமரம். என் தொடை மரத்துப்போய், முடித்த பிறகு இரண்டு பேர் பிடித்துத்தான் என்னைத் தூக்கி விட்டார்கள். காது குத்த வேண்டும் என்று பூசாரி ஒற்றைக்காலில் நின்றார். அது அடுத்த வருஷம் செய்துகொள்ளலாம், குழந்தை தாங்காது என்று அத்தை தடுத்துவிட்டார்.

வேனில் ஏறும்போது அவர் என்னைப் பார்த்து, "மாமா" என்றார். வசனத்துக்கு அடுத்து அவர் கற்றுக்கொண்ட தமிழ் அதுதான்.

பெரட்டுக் களத்தில் இயக்குநர் அந்த மொட்டைத் தலையைப் பார்த்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். பிணத்துக்கு நரைமுடி, உயிரோடு இருக்கிறவருக்கு மொட்டை, இதை எப்படிச் சேர்ப்பது? பிரெஞ்சில் வெகுநேரம் கத்தினார். கடைசியில் பெரிய துரைத் தொப்பி ஒன்றைக் கொண்டுவந்து கண் வரைக்கும் இறக்கி விட்டார்கள். முகத்தில் பாதி இருட்டு. நம் ஆட்கள் அத்தனை பேரும் இறங்கி வரிசையாக நின்றார்கள். "சலாம் துரை!" என்று அத்தை போட்ட சத்தம் கணக்கெழுதுகிற கிராணி வீடு வரைக்கும் கேட்டிருக்கும்.

அவர் ஓரடி முன்னால் வந்தார். கையைத் தூக்கினார். "இன்னைக்கு மழை வராது" என்று சொல்லி வாய் மூடவில்லை, கொட்டியது பாருங்கள் மழை! தகரக் கூரையில் அடித்த சத்தத்தில் மிச்சம் எதுவும் கேட்கவில்லை. அவர் நனைந்துகொண்டே முழுவதும் சொல்லி முடித்தார். நம்மவர்களும் நனைந்துகொண்டே வேலைக்குப் போனார்கள். இயக்குநருக்குச் சிரிப்பு தாங்கவில்லை. படம் நன்றாக இருக்கிறது, அப்படியே இருக்கட்டும் என்றார். ஆனால் சத்தம் போச்சு. பாரீசில் வேறு யாரையாவது பேச வைத்துக்கொள்ளலாம் என்றார்.

சீனப்பெண் அதை எங்களிடம் மெதுவாகச் சொன்னார். நடிகருக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை. தொப்பியைக் கழற்றாமல் அப்படியே நின்றார்.

அத்தைதான் போய் ஒலிப்பதிவு செய்கிறவர் கையைப் பிடித்தார். பாஷை கிடையாது. என் வேனைக் காட்டினார், தன் காதைக் காட்டினார், நடிகரைக் காட்டினார். "எம்புள்ள பேசுவான்" என்றார்.

மழை கொஞ்சம் விட்டதும் வேனைச் செம்பனை மரங்களுக்கு நடுவில் கொண்டுபோய் நிறுத்தினேன். கண்ணாடி எல்லாவற்றையும் ஏற்றி, ஏர்கோனை அடைத்தோம். ஒலிக்காரர், அந்தப் பெண், பின்சீட்டில் நடிகர், ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு நான். மூச்சு விடக் கூடாது என்று எனக்குச் சைகை. வேன் அடுப்பு மாதிரி கொதித்தது. படம் எடுக்கவில்லை என்றாலும் அவர் தொப்பியைச் சரி செய்துகொண்டார். முதல் தடவை சொன்னது செத்தவர் பேசுகிற மாதிரி இருந்தது. ஒலிக்காரர் உதட்டைப் பிதுக்கினார். நடிகர் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு ஒரு சத்தம் போட்டார் பாருங்கள், என் கண்ணாடியே அதிர்ந்தது. சொல்லி முடித்து, "மாமா?" என்று கேட்டார். இன்னும் பதிவாகிக்கொண்டிருந்தது, நான் வாய் திறக்கக் கூடாது. தலையை மட்டும் ஆட்டினேன்.

படம் வெளியானதும் அந்தப் பெண் செய்தி அனுப்பினார். நடிகர் ஊர்த் தியேட்டரில் தன் அக்காவோடு உட்கார்ந்து பார்த்தாராம். அந்த இடம் வந்தபோது இவர் கையை அழுத்தவே இல்லை. அக்காதான் இவர் கையைப் பிடித்தாராம், விடவில்லையாம். வெளியே வந்ததும், "என்ன சொன்னே?" என்று கேட்டிருக்கிறார். இவர் அர்த்தம் சொன்னார். "அப்புறம் மழை வந்துச்சா?" என்று கேட்டாராம். வந்தது என்றாராம். அன்றைக்கு முழுக்க இருவரும் சிரித்திருக்கிறார்கள்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு தீபாவளிக்கும் அத்தைக்கு வீடியோவில் கூப்பிட்டு "அம்மா" என்பார். அத்தை, "சாப்டியாடா? முடி வளர்ந்துருச்சா?" என்று கேட்பார். இது நீங்கள் பார்த்ததுதான். நீங்கள் பார்க்காத ஒன்றைச் சொல்கிறேன். போன மாதம் அவர் போய்விட்டார் என்று செய்தி வந்தது. தூக்கத்திலேயே. காலையில் பார்க்க வந்த பக்கத்து வீட்டுக்காரருக்குக் கொஞ்ச நேரம் சந்தேகமாகவே இருந்ததாம்.

அத்தை தலை முழுகிவிட்டு வந்து, பதினாறாம் நாள் எப்படிச் செய்வது என்று பூசாரியைக் கேட்டார். பூசாரி விரல் விட்டு எண்ணிப் பார்த்தார். நம் கணக்குக்கு அது இன்னும் பள்ளிக்கூடம் சேர்கிற வயது ஆகாத பிள்ளை. "சின்னப் புள்ளைக்குக் கருமாதி கிடையாதும்மா" என்றார். வாய்க்கரிசியும் வேண்டாம், அது முன்னமே போட்டாச்சு. அத்தை வீட்டுக்குப் போய்விட்டார். தொட்டில் கட்டின இரண்டு சேலையையும் எடுத்து வெயிலில் போட்டிருந்ததைப் பார்த்தேன்.

ஆகையால் கட்டத்தை அழிக்க வேண்டாம்மா. ஆசிரியரிடம் இதைக் காட்டு. அவருக்குத் தமிழ் தெரியாது என்றால் நான் வந்து மலாயில் சொல்கிறேன்.

அவர் போன செய்தி வந்த அடுத்த நாள், பேக்டரி ஆட்களை ரவாங்கில் இறக்கிவிட்டுத் திரும்பி வரும்போது, நான் தோட்டத்து ரோட்டுக்குள் வேனைத் திருப்பினேன். அன்றைக்கு நிறுத்திய அதே இடத்தில், செம்பனைகளுக்கு நடுவில், நிறுத்தினேன். கண்ணாடிகளை ஏற்றினேன். ஏர்கோனை அடைத்தேன். வியர்வை வழிகிற வரைக்கும் மூச்சைப் பிடித்துப் பிடித்து உட்கார்ந்திருந்தேன். முன்னால் வானம் கறுத்துக் கிடந்தது.

"இன்னைக்கு மழை வராது" என்று சத்தமாகச் சொன்னேன். "எல்லாரும் வேலைக்குப் போங்க!"

பிறகு பின்சீட்டுப் பக்கம் திரும்பி, அன்றைக்கு ஆட்டிய மாதிரி ஒருமுறை தலையை ஆட்டிவிட்டு, கண்ணாடியை இறக்கினேன்.